பூனையை வாசித்த மாரி

அந்த மாரி மழைக்காலத்தில் நான் எங்கள் வீட்டுப் பூனையைக் கவனித்த கவனத்தில் அப்பாவைக் கவனிக்காமல் விட்டேன். அதை எழுதி வைக்க வேண்டும் என்று பல நாள் நினைத்து, இப்போதுதான் உட்கார்ந்திருக்கிறேன்.

வவுனியாவில் கம்பசில் அப்போது எனக்கு இரண்டாம் வருடம். அடைமழை தொடங்கிய கிழமை விரிவுரைகளை நிறுத்தி எல்லோரையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். நான் எங்கள் ஊரான அக்கராயனுக்கு வந்து சேர்ந்தபோது குளம் நிரம்பி வான் பாய்ந்துகொண்டிருந்தது. எங்கள் வீட்டுக்கும் வயலுக்கும் நடுவில் ஒரு வாய்க்கால்தான். அதன் இரைச்சல் குசினி வரைக்கும் கேட்டது. அம்மா கதைப்பது எனக்கு விளங்க அவா இரண்டு தரம் சொல்ல வேண்டியிருந்தது.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முழுதாகப் படித்து முடித்த முதல் ஆள் நான். அப்பா மூன்றாம் வகுப்போடு நின்றவர். அம்மா தன்னுடைய பெயரை எழுதுவா, அதுவும் மெதுவாக. மின்சாரப் பட்டியல், வயலுக்குப் போடும் பசளைப் பையின் பின்பக்கம், கந்தோரிலிருந்து வரும் கடிதம் எல்லாம் நான் வரும்வரை அலுமாரிக்குள் காத்திருக்கும். நான் வாசித்துச் சொன்னால் அதோடு அந்த விஷயம் முடிந்துவிடும். அதற்கு மேல் யாரும் கேள்வி கேட்பதில்லை. அப்போது அது எனக்குப் பெருமையாக இருந்தது.

பாடம் படிக்கச் சலித்தால் போனில் எதையாவது வாசிப்பேன். அப்படித்தான் பூனைகளைப் பற்றி வாசிக்கத் தொடங்கினேன். வாசித்ததைச் சரிபார்க்க வீட்டிலேயே ஒன்று இருந்தது. சாம்பல் நிறப் பெட்டைப் பூனை, ஒரு காது கிழிந்தது. அது அப்பாவின் பூனை. "எடியே" என்று அவர் கூப்பிட்டால் மட்டும் திரும்பிப் பார்க்கும். வாலை நிமிர்த்தி நுனியை வளைத்துக்கொண்டு வந்தால் சுகம் விசாரிக்கிறது, காதைப் பின்னுக்கு மடித்தால் கிட்ட வராதே என்கிறது, கண்ணை மெல்ல மூடித் திறந்தால் உன்னிடம் எனக்குப் பயமில்லை என்கிறது. ஒரு நாள் காலையில் நானும் அதன் முன்னால் குந்தியிருந்து கண்ணை மெல்ல மூடித் திறந்து பார்த்தேன். அம்மா குசினி வாசலில் நின்று கண்டுவிட்டா.

"என்னடா தம்பி, பூனைக்குக் கண்ணடிக்கிறாய்? கம்பசில ஒரு பெட்டையும் கிடைக்கேல்லையோ?"

அப்பா தேத்தண்ணி புரையேறச் சிரித்தார். பூனை கண்ணை மெல்ல மூடித் திறந்தது. எனக்கு அன்று முழுவதும் சந்தோஷம்.

வயலில் நெல், கதிர் இன்னும் வெளிவராத குடலைப் பருவத்தில் நின்றது. வெள்ளம் ஏற ஏற எலிகளுக்கு வரம்பைத் தவிர வேறு இடமில்லை. வரம்பு முழுவதும் வளைகள். காலையில் போய்ப் பார்த்தால் கத்தரிக்கோலால் நறுக்கியது போல நெற்தாள்கள் தண்ணீரில் மிதக்கும். எலி மருந்து வைக்க அப்பாவுக்கு மனமில்லை. மருந்து தின்ற எலியைப் பூனை தின்னும் என்ற பயம். மண்வெட்டியால் வளையை வெட்டித் திறக்கவும் முடியாது. அந்த வெள்ளத்தில் வரம்பில் ஒரு வெட்டு விழுந்தால் போதும், பக்கத்து வயலின் தண்ணீர் முழுவதும் எங்கள் பக்கம் இறங்கி வரம்பையே கொண்டு போய்விடும். ஆகவே அப்பா கையால் செய்தார். வளைக்கு இரண்டு வாயை மட்டும் விட்டு மற்ற வாய்களைச் சேற்றால் அடைத்துவிட்டு, ஒரு வாயால் தோள் வரைக்கும் கையை விடுவார். மிச்சம் விட்ட மற்ற வாயில் பூனை காத்திருக்கும். எலி அவரிடம் வரும், இல்லாவிட்டால் அதனிடம் போகும்.

எந்த வளையில் எலி இருக்கிறது, எது வெறும் வளை என்று கண்டுபிடிப்பதுதான் கஷ்டம். அதற்குத்தான் நான் உதவினேன். பூனை வெறும் வளையை ஒருதரம் முகர்ந்துவிட்டுத் தாண்டிப் போகும். எலி உள்ள வளையின் முன் அதன் மீசை மயிர் முன்னுக்கு வரும், காதுகள் இரண்டும் ஒரே திசைக்குத் திரும்பும், வால் நுனி மட்டும் துடிக்கும். பின்பக்கத்தை மெல்ல ஆட்டத் தொடங்கினால் பாயப் போகிறது என்று அர்த்தம்.

"அப்பா, இதுக்குள்ளதான். வாலைப் பாருங்கோ."

அவர் கையை விடுவார். அந்தக் கை பசளையும் தண்ணீரும் பட்டுப் பட்டு வெடித்த கை. பெருவிரலில் முட்கம்பி கிழித்த காயம் இன்னும் ஆறவில்லை. கால் விரல் இடுக்குகளில் சேற்றுப்புண். இதெல்லாம் இப்போதுதான் எனக்குத் தெரிகிறது. அன்று நான் வரம்பில் நின்று, பூனையின் வாலை வீடியோ எடுத்தேன். அந்த வீடியோ இன்னும் போனில் இருக்கிறது. அதில் அப்பாவின் கை, தோள் வரைக்கும் மண்ணுக்குள் இருக்கிறது.

பக்கத்து வயல் அண்ணை, எங்கள் ஊரில் லான்ட்மாஸ்ரர் என்ற கை உழவு மெசின் வைத்திருப்பவர், தன்னுடைய வரம்பில் நின்று சத்தம் போடுவார்.

"என்னண்ணை, பூனை ஓவசியர், மகன் எஞ்சினியர், நீங்கள் மட்டும் கூலியாளோ?"

"என்ர பெடியன் பூனைப் பாஷை படிச்சவனடா. நீ உன்ர நாயைக் கேட்டு வேலை செய்."

"என்ர நாய் இங்கிலீசில குலைக்குது அண்ணை, எனக்கு விளங்குதில்லை. உங்கட பெடியனை ஒருக்கா அனுப்புங்கோ."

அதற்குப் பிறகு ஒவ்வொரு விடியலிலும் பூனை வாசற்படியில் ஒரு எலியை வைத்தது. ஈரமான, வயிறு ஊதிய வயல் எலி. எங்களுக்கு வேட்டை தெரியாது என்று நினைத்துக் குட்டிக்குக் கொண்டுவருவது போலக் கொண்டுவருகிறது என்று நான் வாசித்துச் சொன்னேன்.

"எனக்கு வேட்டை தெரியாதெண்டு ஆர் அதுக்குச் சொன்னது? இஞ்சரப்பா, எடுங்கோ உந்தச் சனியனை," என்று அம்மா கத்துவா. அப்பா வாலில் பிடித்துத் தூக்கிக் காகத்துக்கு எறிவார். கையைச் சாரத்தில் துடைப்பார். பிறகு அதே கையால் பாணைப் பிய்த்துத் தேத்தண்ணியில் தோய்ப்பார். நான் எதிரே இருந்து பூனையைப் பற்றிக் கதைத்துக்கொண்டிருப்பேன்.

இப்படி ஒன்பது பத்து நாள் போயிருக்கும். ஒரு காலை அப்பா எழும்பவில்லை. சாக்கையும் போர்த்துக்கொண்டு பல் கிடுகிடுக்கப் படுத்திருந்தார். அம்மா கொத்தமல்லி அவித்துக் கொடுத்தா. பனடோல் இரண்டு கொடுத்தா. பிறகு அலுமாரியைத் திறந்து, அடையாள அட்டைகள் இருக்கும் தட்டிலிருந்து ஒரு மண்ணிறக் கவரை எடுத்து வந்தா.

"தம்பி, இதைக் குடுக்கட்டோ? காய்ச்சலுக்கெண்டு பத்திரமா எடுத்து வைச்சது."

கவரின் மேல் எழுதியிருந்தது ஈரத்தில் கரைந்து போயிருந்தது. உள்ளே குளிசை அட்டைகள். ஆங்கிலத்தில் பெயர் இருந்தது. அது ஒரு அன்டிபயோட்டிக் என்று எனக்குத் தெரிந்தது. கண்ட காய்ச்சலுக்கெல்லாம் அன்டிபயோட்டிக் போடக்கூடாது என்பதும் எனக்குத் தெரிந்திருந்தது. அதை நான் அம்மாவுக்கு விளங்கப்படுத்தினேன். கிருமி பழகிவிடும் என்றேன், இது வைரஸ் காய்ச்சல், மூன்று நாளில் போய்விடும் என்றேன். அம்மா தலையாட்டிவிட்டுக் கவரைத் திரும்பவும் அதே தட்டில் வைத்தா. அந்தக் குளிசையை யார் தந்தது, எதற்குத் தந்தது, எப்போது போடச் சொன்னது என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அம்மா சொல்லியிருப்பா. அன்றே ஆஸ்பத்திரிக்குப் போயிருப்போம்.

அன்று முழுவதும் பூனை அப்பாவின் காலடியில் கிடந்தது. எசமானுக்குச் சுகமில்லை என்று அதற்குத் தெரிகிறது என்றேன் நான். உண்மையில் அது சூட்டுக்குக் கிடந்தது. மழைக்குளிரில் அந்த வீட்டில் அப்பாவின் உடம்பைப் போல வேறு ஒன்றும் கொதிக்கவில்லை.

இரண்டாம் நாள் அது அவருடைய கெண்டைக்காலில் ஏறி, முன்னங்கால்களால் மாறி மாறி அமுக்கத் தொடங்கியது. ரொட்டிக்கு மாக் குழைப்பது போல அமுக்கிக்கொண்டு, தொண்டைக்குள் கர்ரென்று சத்தம் போடும். குட்டியில் தாயின் மடியை அமுக்கிப் பால் குடித்த பழக்கம் அது, நிம்மதியாக இருக்கும்போது செய்யும். வேலை முடிந்து வந்து படுத்தால் அப்பா தானே காலை நீட்டிக் கொடுப்பார். "அமுக்கடி எடியே, உனக்குச் சம்பளம் தாறன்" என்பார்.

அன்று அவர் அலறினார்.

அப்படி ஒரு சத்தத்தை அவரிடமிருந்து நான் கேட்டதில்லை. காலை உதறிய வேகத்தில் பூனை சுவரில் அடிபட்டு அலுமாரிக்குக் கீழே போய் ஒளித்தது.

"அப்பா, அது பாசத்தில செய்யிறது."

அவர் கண்ணை மூடியபடியே கிடந்தார். "கால் ரெண்டும் முறிஞ்சமாதிரிக் கிடக்கு தம்பி."

"காய்ச்சலுக்கு உடம்பு நோகும்தானே அப்பா," என்று சொல்லிவிட்டு, அலுமாரிக்குக் கீழே குனிந்து பூனைக்கு அடிபட்டதா என்று பார்த்தேன். ஓம், பூனைக்குத்தான் பார்த்தேன்.

மூன்றாம் நாள் காய்ச்சல் கொஞ்சம் இறங்கியது. "பார்த்தீங்களோ, நான் சொன்னனான்தானே," என்றேன். அப்பாவின் கண்கள் நன்றாகச் சிவந்திருந்தன. ஈர விறகின் புகை என்று அம்மா சொன்னா, நானும் அப்படியே நினைத்தேன். நாலாம் நாள் அவர் ஒன்றும் சாப்பிடவில்லை. குடித்த தண்ணீரையும் சத்தி எடுத்தார். பூனை அவருக்குக் கிட்டவே வரவில்லை. நெல்மூட்டைகளுக்கு மேல் ஏறியிருந்து, நான்கு காலையும் வயிற்றுக்குக் கீழே மடித்து, அவரைப் பார்த்தபடி இருந்தது. நான் அவருக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டு, பொழுதுபோகட்டும் என்று வாசித்துக் காட்டினேன். பூனை தன்னுடைய நோவை வெளியில் காட்டாது, காட்டினால் பெரிய மிருகம் ஏதாவது வந்து பிடித்துவிடும் என்று அதற்குப் பயம், ஆகவே நன்றாக முற்றிய பிறகுதான் மற்றவர்களுக்குத் தெரியவரும்.

"கெட்டித்தனம்தான்," என்றார் அப்பா. குரல் மிக மெலிந்திருந்தது.

ஐந்தாம் நாள் காலை. வெளியில் கக்கூசுக்கு நடக்க அவருக்கு இயலாததால் அம்மா ஒரு பழைய பேசினைக் கட்டிலுக்குப் பக்கத்தில் வைத்திருந்தா. நான் உள்ளே வந்தபோது பூனை மூட்டைகளிலிருந்து இறங்கி அந்தப் பேசினை முகர்ந்துகொண்டிருந்தது. முகர்ந்துவிட்டுத் தலையைத் தூக்கியது. மேலுதடு சுருங்கி, வாய் பாதி திறந்து, கண் எங்கோ நிலைகுத்தி அப்படியே நின்றது. பல் தெரிந்தது. சிரிப்பது போலவும் இருந்தது, எதையோ கண்டு பயந்து மூச்சு விட மறந்தது போலவும் இருந்தது. எனக்கு உடம்பு கூசியது. இருந்தும் போனை எடுத்து அது என்ன பழக்கம் என்று தேடினேன்.

வாசத்தை வாயால் உள்ளே இழுத்துப் படிக்கிறது என்று இருந்தது. மேல்வாயில் அதற்கென்று ஓர் உறுப்பு உண்டாம். பெரும்பாலும் மூத்திரத்தைத்தான் அப்படிப் படிக்குமாம்.

பூனை எதைப் படித்தது என்று பார்க்கப் பேசினுக்குள் எட்டிப் பார்த்தேன். அடியில் ஒரு கை அளவுகூட இல்லை. பால் விடாத பிளேன்ரீ நிறத்தில் இருந்தது.

"அம்மா! இது எப்பத்தையான்?"

"நேற்று மத்தியானத்தில இருந்து அவ்வளவுதான். தண்ணி குடிக்கிறாரில்லை, அதுதானாக்கும்."

நான் கட்டிலில் அமர்ந்து அப்பாவின் கெண்டைக்காலை இரண்டு விரலால் மெல்லத் தொட்டு அழுத்தினேன். இந்த முறை அவர் அலறவில்லை. கண்ணோரத்தால் தண்ணீர் வடிந்தது. இமையை விரித்துப் பார்த்தேன். சிவப்புக்கு நடுவில் வெள்ளைவிழி மஞ்சளாக இருந்தது. நான்கு நாளாக அந்த முகத்துக்கு முன்னாலேயே இருந்திருக்கிறேன்.

பக்கத்து வயல் அண்ணை லான்ட்மாஸ்ரர் பெட்டியில் வைக்கோல் போட்டு அப்பாவை ஏற்றினார். வீதியின் மேலால் வெள்ளம் ஓடிய இடத்தில் எஞ்சின் இரண்டு தரம் இருமியது. அம்மா அப்பாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டு கைப்பையை நெஞ்சோடு பிடித்திருந்தா.

ஆஸ்பத்திரியில் இளம் டொக்டர் ஒருவர் கேட்டார். "எத்தினை நாள் காய்ச்சல்?"

"ரெண்டு நாள் டொக்டர்," என்றா அம்மா. பிந்தி வந்ததற்குப் பேச்சு விழும் என்ற பயம்.

"இல்லை. இண்டையோட ஐஞ்சு நாள்," என்றேன்.

"வயலுக்க இறங்கினவரோ? மருந்துக் குளிசை குடுத்திருப்பினமே, விதைக்க முன்னம், கமக்காரர் கூட்டத்தில?"

அம்மா கைப்பையைத் திறந்து மண்ணிறக் கவரை எடுத்துக் கொடுத்தா. "எலிக் காய்ச்சலுக்கெண்டு தந்தவை. காய்ச்சல் வந்தாப் போடுவமெண்டு வீணாக்காமல் வைச்சிருந்தனாங்கள்."

டொக்டர் அட்டைகளை வெளியே எடுத்தார். ஒன்றுகூடக் குறையவில்லை. "அம்மா, இது காய்ச்சல் வராமல் இருக்கப் போடுறது. சேத்துக்க இறங்கிற காலம் முழுக்க, கிழமைக்கு ஒருக்கா."

அம்மா என்னைப் பார்த்தா. குற்றம் சொல்லும் பார்வை இல்லை அது. நான் வாசித்துச் சரியா என்று சொல்வதற்காகக் காத்திருக்கும் பார்வை.

"காய்ச்சல் வந்த அண்டைக்கும் அம்மா குடுக்கப் பார்த்தவா டொக்டர். நான்தான் வேண்டாமெண்டு சொன்னனான். அன்டிபயோட்டிக் எண்டு."

அவர் எழுதுவதை நிறுத்தி என்னை ஒரு தரம் பார்த்தார். "அண்டைக்கே இஞ்ச கொண்டு வந்திருக்க வேணும். இனி அதைக் கதைச்சு வேலையில்லை. சலம் போகுதோ, சிறுநீரகம் வேலை செய்யுதோ எண்டு பார்ப்பம்."

எலி வளைகளைப் பற்றியும் அவரிடம் சொன்னேன். எந்த வளை என்று காட்டிக் கொடுத்ததும் நான்தான் என்று சொன்னேன். எலியின் மூத்திரம் கலந்த வயல் தண்ணீர் முழுவதிலும் அந்தக் கிருமி இருக்கலாம், இந்த வளைதான் என்று சொல்ல முடியாது என்றார். நல்ல மனுஷன். ஆனால் போனில் இருந்த வீடியோவை அவர் பார்க்கவில்லை.

அன்று பின்னேரமே அம்புலன்சில், இரத்தம் சுத்திகரிக்கும் மெசின் உள்ள பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். ஒருவர்தான் கூடப் போகலாம். நான் போனேன். மூன்று நாளாக மூத்திரக் குழாயின் கீழே தொங்கிய பையில் வந்தது மிகக் கொஞ்சம். தாதி வந்து குனிந்து பார்ப்பா, எழுதுவா, போவா. அவாவின் முகத்தை நான் வாசிக்கப் பார்ப்பேன். அதில் ஒன்றும் கிடைக்காது.

இரண்டாம் நாள் பகல், மெசினில் வைத்துவிட்டுக் கொண்டுவந்து விட்ட பிறகு, அப்பா என்னைக் கிட்டக் கூப்பிட்டார்.

"தம்பி, நான் தப்புவனோ?"

"தெரியாது அப்பா."

அவருக்கு நான் அப்படிச் சொன்னது அதுதான் முதல் தரம். நான் குளிசை விஷயத்தைச் சொன்னேன். முழுவதையும் கேட்டார்.

"நீ படிச்சனி. நீ சொன்னாச் சரியாத்தானே இருக்குமெண்டு நானும் நினைச்சனான்."

கோபமாகச் சொன்னால் தாங்கியிருப்பேன். ஆறுதலாகத்தான் சொன்னார்.

நாலாம் நாள் பையில் பாதிக்கு மேல் இருந்தது. தாதி குனிந்து பார்த்தவா நிமிர்ந்து என்னைப் பார்த்தும் தலையாட்டினா. அப்பா தப்பிவிட்டார். மூன்று கிழமைக்குப் பிறகு, பாதி உடம்பாக வீட்டுக்கு வந்தார். அந்த ஆண்டு எங்கள் வயலில் எலி விட்டதுதான் மிச்சம்.

வீட்டுக்கு வந்தால் எல்லாம் மாறியிருக்கும் என்று நினைத்தேன். அம்மா இனி நான் சொல்வதை இரண்டு பேரிடம் கேட்பா, ஊரில் என்னைக் கொஞ்சம் குறைத்துப் பார்ப்பார்கள் என்று. அப்படி ஒன்றும் நடக்கவில்லை. பேசினைப் பார்த்து நோயைப் பிடித்த பெடியன் என்று ஊரில் கதை பரவியிருந்தது. குளிசைக் கதையை நானே போய்ப் போய்ச் சொன்னாலும் ஒருவரும் காதில் போடவில்லை.

அப்பா வந்து நாலைந்து நாள் இருக்கும். மழை திரும்பவும் பிடித்திருந்தது. பக்கத்து வயல் அண்ணை சேறு வடிய வடிய வரம்பிலிருந்து நேரே எங்கள் முற்றத்துக்கு வந்தார். சாரத்தை முழங்காலுக்கு மேல் மடித்து, ஒரு காலை வாசற்படியில் தூக்கி வைத்தார்.

"தம்பி, ரெண்டு நாளாக் கால் உளையுது. குளிரும் காய்ச்சல் குணமுமாக் கிடக்கு. ஒருக்கா அமத்திப் பார்."

"ஆஸ்பத்திரிக்குப் போங்கோ அண்ணை. இப்பவே."

"போறதோ விடுறதோ எண்டுதானே உன்னட்டக் கேக்க வந்தனான். அப்பாவுக்கு நோயைப் பிடிச்சனியெல்லோ. நீ அமத்திப் பார்த்து ஒண்டுமில்லை எண்டாச் சொல்லு, நான் வேலையைப் பார்க்கப் போறன்."

"எனக்குத் தெரியாது அண்ணை. சத்தியமாத் தெரியாது. வாங்கோ, நான் கூட்டிக்கொண்டு போறன்."

"உனக்குத் தெரியாட்டி இந்த ஊரில வேற ஆருக்கடா தெரியும்?" என்று சிரித்தார்.

நான் அப்பாவின் மோட்டார்சைக்கிள் சாவியை எடுக்க உள்ளே போனேன். திரும்பி வந்தபோதும் அவர் அந்தக் காலை எடுக்கவில்லை. படியில் வைத்தபடி, நான் தொட்டுப் பார்த்துச் சொல்வேன் என்று நின்றுகொண்டிருந்தார்.